பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்துவிட்டார்கள்

2025 ஆகஸ்ட் 13 அன்று சென்னை உயர் நீதிமன்றம் ஓர் உத்தரவு பிறப்பித்தது. ரிப்பன் மாளிகைக்கு வெளியே நடைபாதையில் ஆகஸ்ட் 1 முதல் உட்கார்ந்திருந்த 5, 6ஆம் மண்டலத் தூய்மைப் பணியாளர்களை அங்கிருந்து அகற்ற வேண்டும் என்பது அந்த உத்தரவு. அன்று நள்ளிரவிலேயே காவல்துறை அதை நிறைவேற்றிவிட்டது. பெண்களை இழுத்துப் பேருந்துகளில் ஏற்றிய காட்சிகளை நீங்களும் செல்பேசியில் பார்த்திருப்பீர்கள்.

அந்தக் காணொளியைப் பார்த்தபோது எனக்கு முதலில் வந்தது கோபமில்லை, ஆச்சரியம்தான். நீதிமன்ற உத்தரவு ஒன்று இவ்வளவு வேகமாகவா நிறைவேறும்? எங்கள் வீட்டிலும் ஓர் உத்தரவு இருக்கிறது. ரேஷன் கார்டு, அப்பாவின் இறப்புச் சான்றிதழ் ஆகியவற்றோடு ஒரு பிளாஸ்டிக் கவரில் அம்மா பத்திரமாக வைத்திருக்கிறார். அதில் போட்டிருந்த கெடு 12 வாரங்கள்.

அம்மா மேற்கு மாவட்டம் ஒன்றின் சிறிய நகராட்சியில் தெருக்கூட்டியவர். 2001இல் தினக்கூலியாகச் சேர்ந்தார். முதலில் மேஸ்திரி கையில் சம்பளம். பிறகு மகளிர் சுயஉதவிக் குழு என்று பெயர் மாறியது. பிறகு ஓர் ஒப்பந்ததாரர் வந்தார். கூட்டுகிற தெரு மாறவில்லை, விளக்குமாறும் மாறவில்லை. காலை ஐந்தரைக்குப் பெயர் கூப்பிடுகிற நகராட்சி சூப்பர்வைசரும் மாறவில்லை. சம்பளம் யார் பெயரில் வருகிறது என்பது மட்டும் மாறிக்கொண்டே இருந்தது. 2013இல் அம்மாவோடு சேர்த்து 14 பெண்கள் ஆணையருக்கு ஒரு மனு கொடுத்தார்கள். பணி நிரந்தரம் வேண்டும், பிடித்த பி.எஃப். பணத்துக்குக் கணக்கு வேண்டும், வாரத்தில் ஒருநாள் விடுப்பு வேண்டும். அந்த மனுவை எழுதியது நான்தான். அப்போது பிளஸ் டூ படித்துக்கொண்டிருந்தேன். ‘மாண்புமிகு’ யாருக்குப் போடுவது, ‘மதிப்பிற்குரிய’ யாருக்குப் போடுவது என்று ஒரு மணி நேரம் குழம்பினேன்.

பதில் வரவில்லை. ஆளுக்கு 1,500 ரூபாய் போட்டு 2015இல் வழக்குத் தொடுத்தோம். ஒரே நாளில் முடிந்துவிட்டது. இந்த இடத்தில் சட்டம் படிக்காத தோழர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அரசு ஊழியர், தினக்கூலி, ஒப்பந்தத் தொழிலாளி என்று யார் போனாலும் கிடைக்கிற உத்தரவு பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்ததாக இருக்கும். மனுதாரரின் இன்ன தேதியிட்ட கோரிக்கை மனுவை அதன் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள் உரிய ஆணை பிறப்பிக்க வேண்டும். கோரிக்கையின் தகுதி குறித்து நீதிமன்றம் எந்தக் கருத்தும் தெரிவிக்கவில்லை. அவ்வளவுதான்.

எங்களுக்கு அது தெரியாது. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தோம். அம்மா பேக்கரியில் அரைக் கிலோ மிக்சரும் லட்டும் வாங்கி வந்து தெரு முழுக்கக் கொடுத்தார். ‘கோர்ட்டே சொல்லிருச்சு கண்ணு, இனி ஆபீசர் என்ன பண்ணுவாரு’ என்றார். ஆபீசர் ஒன்றும் பண்ணவில்லை. 12 வாரம் ஓர் ஆண்டானது. அவமதிப்பு மனு போட்ட பிறகு, விசாரணைக்கு இரண்டு நாள் முன்பு பதில் வந்தது. ‘தங்களுக்கும் இந்நகராட்சிக்கும் இடையே பணியளிப்பவர் - பணியாளர் உறவு ஏதுமில்லை. எனவே தங்கள் கோரிக்கை ஏற்பதற்கில்லை.’ உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது என்று அவமதிப்பு வழக்கு முடித்து வைக்கப்பட்டது. எங்கள் வழக்கறிஞர் விளக்கியபோதுதான் எனக்கு உறைத்தது. நீதிமன்றம் வேலை கொடுக்கச் சொல்லவில்லை, பரிசீலிக்கத்தான் சொன்னது. அவர்களும் பரிசீலித்துவிட்டார்கள்.

மறுபடி ரிட் போட்டோம். 2019இல் பதில் வந்தது: இதில் உண்மை விவரங்கள் குறித்த தகராறு இருக்கிறது, எனவே தொழிலாளர் துறையை அணுகுங்கள். அம்மாவுக்கு அப்போது வயது 56.

இதை என் வீட்டுச் சோகமாக எழுதவில்லை. இது ஓர் இயந்திரம். அது எப்படி ஓடுகிறது என்று பாருங்கள். யார் மீது புகாரோ அவரிடமே புகார் திரும்பிப் போகிறது. முதல் மனுவைக் கிடப்பில் போட்ட அதே எழுத்தர்தான் நிராகரிப்பு ஆணையின் வரைவையும் தயாரிக்கிறார். ஊரில் சாதிப் பஞ்சாயத்து எப்படி நடக்கும் என்று நமக்குத் தெரியும். அடித்தவனின் அண்ணன்தான் நாட்டாமையாக உட்கார்ந்திருப்பான். இங்கே அரசு முத்திரை இருக்கிறது, நகல் எண் இருக்கிறது, அந்த அளவுக்குத்தான் வித்தியாசம்.

இது நீதிமன்றத்துக்குத் தெரியாத சங்கதியும் அல்ல. ஆந்திர அரசுப் போக்குவரத்துக் கழகம் எதிர் சீனிவாச ரெட்டி வழக்கில் 2006இலேயே உச்ச நீதிமன்றம் ‘பரிசீலி’ என்பதற்கும் ‘வழங்கு’ என்பதற்கும் உள்ள தூரத்தை விளக்கியிருக்கிறது. 2008இல் சி. ஜேக்கப் வழக்கில் நீதிபதிகள் இன்னும் வெளிப்படையாகவே பேசினார்கள். மனுவைப் பரிசீலிக்கச் சொல்வதால் யாருக்கும் நட்டமில்லை என்று நீதிமன்றங்கள் நினைத்துக்கொள்கின்றன, அதன் விளைவுகளை உணர்வதில்லை என்பது அவர்களின் கவலை. ஆனால் அந்தக் கவலை நிர்வாகத்தின் பக்கம் நின்று பட்ட கவலை. 1982இல் வேலை இழந்த ஒருவர் 18 ஆண்டுகள் கழித்து மனு கொடுத்து, செத்துப்போன வழக்குக்கு உயிர் கொடுக்கப் பார்த்தார் என்பது அவர்கள் முன்னால் இருந்த சிக்கல். அந்தத் தீர்ப்பின் விளைவாகத் தொழிலாளிக்குக் கிடைத்தது என்ன? நீ மனு மேல் மனு கொடுத்துக்கொண்டிருந்தாய் என்பதால் உன் கால தாமதம் மன்னிக்கப்படாது என்ற பாடம். ஒருபுறம் முதலில் நிர்வாகத்திடம் மனு கொடு என்கிறார்கள். மறுபுறம் மனு கொடுத்துக் காத்திருந்த ஆண்டுகளை அவள் கணக்கிலேயே எழுதுகிறார்கள்.

நீதிபதிகளின் மேசையில் குவிந்திருக்கும் கட்டுகள் எனக்கும் தெரியும். பல நேரம் வழக்கறிஞர்களே, ‘பரிசீலிக்க உத்தரவிட்டால் போதும் மைலார்ட்’ என்று கேட்டு வாங்குவதையும் நீதிமன்ற அறையில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். ஒரே நாளில் முடியும், கட்சிக்காரரும் சந்தோஷமாகப் போவார். எங்களைப் போல லட்டு வாங்குவார்.

சரி, வேறு மாதிரி உத்தரவு போட முடியாதா? முடியும். சென்னை நடைபாதை காலியாகி ஆறே நாளில், 2025 ஆகஸ்ட் 19 அன்று, உச்ச நீதிமன்றம் தரம் சிங் எதிர் உத்தரப் பிரதேச அரசு வழக்கில் ஒரு தீர்ப்பு சொன்னது. இந்தத் தீர்ப்பை ஒவ்வொரு தோழரும் தேடிப் படிக்க வேண்டும் என்று விரும்புகிறேன். அந்த மாநில உயர்கல்விப் பணிகள் ஆணையத்தில் 1989க்கும் 1992க்கும் இடையே தினக்கூலியாகச் சேர்ந்தவர்களின் வழக்கு அது. இவர்களுக்குப் பணியிடங்கள் வேண்டும் என்று ஆணையமே 1991இல் அரசைக் கேட்டது. நிதி இல்லை என்று 1999இல் அரசு மறுத்தது. வழக்குப் போனது, மறுபரிசீலனை செய்யச் சொல்லி 2002இல் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 2003இல் அரசு மறுபடி பரிசீலித்து, மறுபடி நிதி இல்லை என்றது. எங்கள் நகராட்சியின் கதைதான், இந்தியில். 2009இல் தனி நீதிபதி தள்ளுபடி செய்தார். 2017இல் அமர்வும் தள்ளுபடி செய்தது.

உச்ச நீதிமன்றம் இந்த முறை கோப்பைத் திருப்பி அனுப்பவில்லை. அரசு என்பது சந்தையில் இருக்கும் இன்னொரு கம்பெனி அல்ல, அரசமைப்புச் சட்டத்துக்குக் கட்டுப்பட்ட முதலாளி. பொதுப்பணியின் அடிமட்ட வேலைகளைச் செய்கிறவர்களின் முதுகில் வரவுசெலவுத் திட்டத்தைச் சரிக்கட்டக் கூடாது என்றது. தொழிலாளர்களை நிச்சயமற்ற நிலையிலேயே வைத்திருக்க அவுட்சோர்சிங்கைக் கேடயமாகப் பிடிக்க முடியாது என்றும் சொன்னது. 2002 ஏப்ரல் 24 முதல் அவர்கள் நிரந்தரம், பணியிடம் இல்லையென்றால் கூடுதல் பணியிடம் உருவாக்கு, நிலுவையைக் கெடுவுக்குள் கொடு என்று வரிசையாகக் கட்டளையிட்டது. எனக்கு எல்லாவற்றையும் விட முக்கியமாகப் பட்டது கடைசிக் கட்டளை. இவற்றையெல்லாம் செய்துவிட்டோம் என்று உயர்கல்வித் துறையின் முதன்மைச் செயலர் நான்கு மாதத்துக்குள் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். தீர்ப்போடு முடியாமல், நிறைவேறியதா என்று பார்க்கிறவரைக்கும் நீள்கிறது. மேற்பார்வை என்று நான் சொல்வது இதைத்தான்.

1991இலிருந்து எண்ணினால் 34 ஆண்டுகள். இதைக் கொண்டாடுவதா, அழுவதா என்று தெரியவில்லை.

முந்தைய ஆண்டு டிசம்பரில் வந்த ஜக்கோ வழக்கையும் சொல்ல வேண்டும். மத்திய நீர் ஆணையத்தின் அலுவலகத்தில் 1990களிலிருந்து பெருக்கித் துடைத்த பெண்களும் தோட்ட வேலை பார்த்த ஒருவரும் நிரந்தரம் கேட்டு நிர்வாகத் தீர்ப்பாயம் போனார்கள். 2018 ஏப்ரலில் தீர்ப்பாயம் தள்ளுபடி செய்தது. அதே ஆண்டு அக்டோபரில் வேலையை விட்டே நீக்கப்பட்டார்கள். குறைதீர்க்கக் கேட்டதற்குத் தண்டனையா என்று நீங்கள் கேட்கலாம். கேட்டுக்கொண்டிருக்கும்போது வேலையைப் பறிப்பது பழைய உத்திதான். காசியாபாத் மாநகராட்சியின் தோட்டத் தொழிலாளர்கள் வழக்கிலும் அப்படித்தான். சமரசப் பேச்சு நடந்துகொண்டிருக்கும்போதே 2005இல் எழுத்துபூர்வ ஆணைகூட இல்லாமல் நிறுத்தப்பட்டார்கள். 2025 ஜனவரியில்தான் மறுபடி வேலைக்கு எடுக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

இந்த வழக்குகள் எல்லாவற்றிலும் நிர்வாகம் கையில் எடுக்கும் ஆயுதம் 2006ஆம் ஆண்டு உமாதேவி தீர்ப்பு. கொல்லைப்புற வழியாக அரசு வேலை கொடுக்கக் கூடாது என்று ஐந்து நீதிபதிகள் சொன்ன தீர்ப்பு. அதிகாரிகள் தமக்கு வேண்டிய ஆட்களைத் திணிப்பதைத் தடுக்க வந்த அந்த வாதத்தில் நியாயம் இருக்கிறது. இடஒதுக்கீட்டுக்காக நிற்கிற நாம் அதை மறுக்க முடியாது. ஆனால் அதே தீர்ப்பு, அனுமதிக்கப்பட்ட பணியிடங்களில் நீதிமன்றத் தயவில்லாமல் பத்தாண்டுக்கு மேல் வேலை செய்தவர்களை ஒரே தடவை நடவடிக்கையாக வரன்முறைப்படுத்தச் சொன்னதே, அதை எந்த ஆணையர் தம் பதில் மனுவில் எழுதினார்? பாதித் தீர்ப்பை மட்டும் மேற்கோள் காட்டும் இந்தப் பழக்கத்தை ஜக்கோ வழக்கில் நீதிபதிகளே கண்டித்தார்கள்.

அடுத்தது ஆதாரம். தமிழ்நாட்டில் 1981ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருக்கிறது. 24 மாதத்தில் 480 நாள் வேலை செய்த தொழிலாளிக்கு நிரந்தரத் தகுதி உண்டு என்கிறது. தொழிற்சங்கத் தோழர்கள் ‘480 நாள் சட்டம்’ என்பார்கள். அம்மா 20 ஆண்டுக்கு மேல் வேலை செய்தவர். 480 நாளை நிரூபிக்க முடிந்ததா? மஸ்டர் ரோல் நகராட்சியிடம் இருக்கிறது. சம்பளப் பட்டியல் ஒப்பந்ததாரரிடம் இருக்கிறது. வேலை செய்த நாள்களை நிரூபிக்கும் சுமை முதலில் தொழிலாளி மீதுதான் என்று 2002இல் ஹதிமானி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பிற்பாடு யெல்லட்டி வழக்கில் அதைக் கொஞ்சம் தளர்த்தியது. தளர்ந்த சேதி எங்கள் ஊருக்கு வந்து சேரவில்லை. அம்மாவிடம் இருந்த ஆதாரங்கள்: தேர்த் திருவிழா டூட்டிக்குக் கொடுத்த கழுத்து அட்டை, போலியோ முகாமில் எடுத்த ஒரு புகைப்படம், பிளீச்சிங் பவுடர் பட்டு ஓரம் வெளுத்துப்போன நான்கு சீட்டுகள். தகவல் உரிமைச் சட்டத்தில் மஸ்டர் ரோல் கேட்டேன். ‘மேற்படி ஆவணங்கள் இவ்வலுவலகத்தில் காணப்படவில்லை’ என்று எழுத்தில் கொடுத்தார்கள். ஒரு நீதிபதி ஒரே ஒரு வரி எழுதியிருந்தால் போதும்: அந்தப் பதிவேட்டை இங்கே கொண்டு வா. அரசிடம் இருக்கும் காகிதத்தைத் தெருக்கூட்டும் பெண்ணிடம் கேட்பது எந்த ஊர் நியாயம்?

தொழில் தகராறுச் சட்டத்தில் 2010இல் குறைதீர்ப்புக் குழு என்று ஒன்றைச் சேர்த்தார்கள். 20 அல்லது அதற்கு மேல் ஆட்கள் வேலை செய்யும் இடத்தில் நிர்வாகமும் தொழிலாளரும் சரிபாதியாக உட்கார்ந்து 45 நாளில் முடிவு சொல்ல வேண்டும் என்று அந்தச் சட்டம் அப்போது சொன்னது. நல்ல ஏற்பாடுதான். நகராட்சியில் கேட்டால் நீங்கள் எங்கள் ஆள் இல்லை என்பார்கள். ஒப்பந்ததாரரின் அலுவலகம் எங்கே இருக்கிறது என்று அம்மாவுக்குக் கடைசிவரை தெரியாது.

இதில் சாதி எங்கே வருகிறது என்று கேட்கும் நண்பர்கள் உண்டு. நிரந்தரப் பணியிடத்துக்கு இனச்சுழற்சி உண்டு, பதவி உயர்வு உண்டு, ஓய்வூதியம் உண்டு. ஒப்பந்தத்துக்கு இடஒதுக்கீடு கிடையாது. ஆனால் குப்பை அள்ளும் ஒப்பந்தத்தில் மட்டும் யாரும் சொல்லாமலே நூற்றுக்கு நூறு ஒதுக்கீடு நடக்கிறது. எங்கள் 14 பேரில் 12 பேர் அருந்ததியர், 2 பேர் ஆதிதிராவிடர். கோப்பு எழுதியவர், கையெழுத்திட்டவர், ஒப்பந்தம் எடுத்தவர் என யாருமே எங்கள் தெருவில் குடியிருப்பவர்கள் அல்லர். ‘துப்புரவு’ என்ற சொல்லை நீக்கிவிட்டுத் ‘தூய்மைப் பணியாளர்’ என்று மாற்ற அரசுக்கு 12 வாரமும் தேவைப்படவில்லை, ரிட் மனுவும் தேவைப்படவில்லை. காத்திருப்பதற்கும் ஒரு விலை உண்டு. வழக்கு பத்தாண்டு ஓடினாலும் ஆணையருக்கு மாதச் சம்பளம் வரும், அவருக்காக வாதாடும் வழக்கறிஞரின் கட்டணம் நகராட்சி நிதியிலிருந்து போகும். அதாவது அம்மா கட்டிய வீட்டுவரியிலிருந்தும் போகும்.

அம்பேத்கர் இதை முன்பே பார்த்திருக்கிறார். 1938இல் பம்பாய் மாகாணத்தில் தொழில் தகராறு மசோதா வந்தபோது, வேலைநிறுத்தத்துக்கு முன்பு சமரச நடைமுறைக்குக் கட்டாயம் போய்க் காத்திருக்க வேண்டும், மீறினால் குற்றம் என்றார்கள். சுதந்திரத் தொழிலாளர் கட்சியின் சார்பில் அவர் அதைச் சட்டமன்றத்தில் எதிர்த்தார். வேலைநிறுத்தத்தைக் குற்றமாக்குவது மனிதனைக் கட்டாயப்படுத்தி வேலை வாங்குவதுதான், அது அடிமைத்தனம் என்பது அவர் வாதம். நவம்பர் 7 அன்று கம்யூனிஸ்ட்டுகளோடு சேர்ந்து ஒருநாள் வேலைநிறுத்தம் நடத்தினார். அதே அம்பேத்கர்தான் பத்தாண்டு கழித்து, நீதிமன்றத்தை நேரடியாக அணுகும் உரிமையை அரசமைப்புச் சட்டத்தின் இதயம் என்றார். இரண்டும் ஒன்றுக்கொன்று முரண் என்று எனக்குத் தோன்றவில்லை. தெருவில் நிற்கும் வலு இருப்பவனுக்குத்தான் நீதிமன்றக் கதவும் முழுதாகத் திறக்கிறது.

மும்பை அதற்குச் சாட்சி. அங்கே மாநகராட்சி, ஒப்பந்தத் தொழிலாளர் சட்டம் அப்போது 20 பேருக்குப் பொருந்தியது என்பதால் அதற்குக் கீழே ஆள் இருக்கும்படி ஒப்பந்தங்களைத் துண்டு துண்டாக வெட்டிக் கொடுத்தது. கசரா வாஹதுக் ஷ்ரமிக் சங்கம் தெருவிலும் தீர்ப்பாயத்திலும் ஒரே நேரத்தில் நின்றது. 2,700 பேரும் நிரந்தரத் தொழிலாளர்களே என்று 2014இல் தொழில் தீர்ப்பாயம் சொன்னதை 2017இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. அதற்குப் பிறகும் பெயரில் எழுத்துப் பிழை இருக்கிறது என்று சொல்லிப் பலருக்கு ஆணையை இழுத்தடித்தார்கள். பெயரைத் தப்பாக எழுதிக்கொண்டது யார்? சங்கம் விடாமல் துரத்தியதால்தான் அந்தத் தீர்ப்பு காகிதத்தோடு நிற்கவில்லை. எங்கள் 14 பேருக்குச் சங்கம் இல்லை. அதுதான் நாங்கள் செய்த முதல் தவறு. நீதிமன்றம் போனது தவறல்ல, தனியாகப் போனதுதான் தவறு.

சட்டக் கல்லூரியில் படிக்கும் தோழர்களிடம் ஒரு வேண்டுகோள். நாளை நீங்கள் எங்கள் தெருவுக்காக ஆஜராகும்போது, ‘மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக’ என்று பிரேயரை எழுதாதீர்கள். பதிவேட்டைக் கேளுங்கள். வழக்கு முடியும்வரை வேலையிலிருந்து நிறுத்தக் கூடாது என்று இடைக்கால உத்தரவு கேளுங்கள். நிராகரித்தால் யார் நிராகரித்தார், எந்த ஆவணத்தைப் பார்த்து நிராகரித்தார் என்று பெயரோடும் பதவியோடும் பிரமாணப் பத்திரம் கேளுங்கள். பரிசீலனைதான் என்று நீதிபதி சொன்னாலும், வழக்கை முடிக்காமல் கோப்பிலேயே வைத்திருக்கக் கேளுங்கள். தராமல் போகலாம். கேட்காமல் விட்டது நாமாக இருக்க வேண்டாம்.

அம்மா 2023இல் 60 வயது ஆகிவிட்டது என்று நிறுத்தப்பட்டார். பணிக்கொடை இல்லை. யார் நிறுத்தினார்கள் என்பதற்கும் காகிதம் இல்லை. இப்போது அதே வார்டில் தெருக்கூட்டும் ஒன்பது பெண்கள் வந்திருக்கிறார்கள். இந்த முறை சங்கத்தின் பெயரில் மனு. சங்க வழக்கறிஞர் பார்க்க, நான் தட்டச்சு செய்தேன். அம்மா அதை முழுதாக வாசித்துக் காட்டச் சொன்னார். வாசித்தேன். ‘பரிசீலிக்கணும்னு எங்கயாச்சும் வருதா கண்ணு?’ என்று கேட்டார். வரவில்லை என்றேன். மனு இன்னும் நம்பர் ஆகவில்லை. இரண்டு குறைகள் சொல்லிப் பதிவுத்துறை திருப்பியிருக்கிறது, அவற்றைச் சரிசெய்து திங்கட்கிழமை மறுபடி கொடுக்க வேண்டும்.